திகதியைப் பார்க்க முதல் தண்ணீரைப் பாருங்கள்

காலாவதியான இயற்கை அழகுப்பொருளைப் பூசலாமா என்று கேட்பவர்கள் பெரும்பாலும் போத்தலைத் திருப்பி அடியில் உள்ள திகதியைத்தான் காட்டுவார்கள். திகதி முக்கியந்தான். ஆனால் இலங்கையின் வன்னியில் ஒரு கிறீமோ எண்ணெயோ பாவிக்கத் தக்கதா என்று கேட்டால், முதலில் பார்க்க வேண்டியது அதற்குள் தண்ணீர் இருக்கிறதா என்பதை. அடுத்து, அது இதுவரை எந்தக் கூரையின் கீழ் இருந்தது என்பதை. அதற்கும் அடுத்து, உடம்பில் எங்கே, யாருடைய உடம்பில் பூசப்போகிறீர்கள் என்பதை. இவற்றுக்குப் பதில் தெரியாமல் திகதியை மட்டும் நம்பினால் இரண்டு பக்கமும் தவறு வரும். நல்ல எண்ணெயை வீணாகக் கொட்டுவோம், கெட்ட பன்னீரைக் கண்ணருகே தெளிப்போம்.

உற்பத்தியாளர் போடும் திகதி, மூடி திறக்காத போத்தலுக்கு, நிழலும் குளிர்ச்சியுமான இடத்தில் வைத்த போத்தலுக்குப் போட்ட திகதி. மூடியைத் திறந்த நாளிலிருந்து கணக்கு வேறு. ஐரோப்பியச் சட்டப்படி, 30 மாதத்துக்கு மேல் தாங்கும் பொருளுக்கு முடிவுத் திகதி போடவேண்டிய கட்டாயம் இல்லை. அதற்குப் பதிலாக மூடி திறந்த சிறு சாடியின் படமும், அதனுள் 6 எம், 12 எம் என்ற எழுத்தும் இருக்கும். திறந்த பிறகு 6 மாதம், 12 மாதம் என்று அர்த்தம். 30 மாதத்துக்குக் குறைவாகத் தாங்குவதற்குத்தான் திகதி போட வேண்டும். வெளிநாட்டிலிருந்து வரும் பொருளில் திகதியைக் காணவில்லை என்று பலர் குழம்புவது இதனால்தான். கொரியப் பொருட்களில் இன்னொரு சிக்கல். அவற்றில் சிலவற்றில் உற்பத்தித் திகதியை மட்டும் அச்சடிப்பார்கள், அதுவும் ஆண்டு முதலாக, மாதம், நாள் என்ற வரிசையில். அதை முடிவுத் திகதி என்று எண்ணி நல்ல பொருளை எறிந்தவர்களும் உண்டு, நாளையும் ஆண்டையும் மாற்றி வாசித்துப் பழையதைப் பூசியவர்களும் உண்டு. திறந்த அன்றே போத்தலில் அழியாத மையால் திகதியை எழுதிவிடுங்கள். அதைவிட நம்பகமான திகதி வேறு இல்லை.

இனி கூரைக்கு வருவோம். ஒரு கிறீம் எத்தனை நாள் தாங்கும் என்று அறிய, தொழிற்சாலைகள் அதை 40 பாகை செல்சியஸ் வெப்பத்தில் மூன்று மாதம் போல வைத்துச் சோதிப்பது வழக்கம். சாதாரண அறையில் நீண்ட காலம் இருந்தால் நடக்கும் கேட்டை விரைவாக வரவழைத்துப் பார்ப்பதற்காகச் செய்யும் சோதனை அது. பத்துப் பாகை கூடினால் இரசாயனத் தாக்கங்களின் வேகம் ஏறத்தாழ இரட்டிப்பாகும் என்பது பொதுவான கணக்கு. சித்திரையிலிருந்து ஆவணி வரை, கச்சான் காற்று அடிக்கும் நாட்களில், தகரக் கூரையின் கீழ் மத்தியானம் எவ்வளவு வெக்கை இருக்கும் என்பது இங்கே இருப்பவர்களுக்குச் சொல்லத் தேவையில்லை. எங்கள் அலுமாரித் தட்டில் நடப்பது அந்தச் சோதனைதான். ஆகவே குளிர்நாட்டில் இரண்டு வருடம் என்று எழுதிய ஒன்றை இங்கே அப்படியே இரண்டு வருடம் என்று எடுக்கக்கூடாது. ஓட்டு வீட்டில், சுவரோரம், நிலத்துக்குக் கிட்ட வைத்த பொருளுக்கும், மோட்டார் சைக்கிளின் பெட்டிக்குள் ஒரு பகல் முழுக்கக் கிடந்த பொருளுக்கும் ஒரே திகதி பொருந்தாது. கடையின் முன்தட்டில் வெயில் படும்படி அடுக்கி வைத்த எண்ணெய்ப் போத்தல் மலிவு என்றாலும் வாங்காதீர்கள். உள்தட்டில் இருப்பதை எடுத்துத் தரச் சொல்லுங்கள்.

தண்ணீர் ஏன் முதல் கேள்வி? பற்றீரியாவும் பூஞ்சணமும் வளரத் தண்ணீர் வேண்டும். தேங்காய் எண்ணெய், நல்லெண்ணெய், தேன்மெழுகுக் களிம்பு போன்ற தண்ணீரே இல்லாத பொருளில் அவை பெருக முடியாது. அந்தப் பொருளும் கெடும், ஆனால் வேறு விதமாக, மெதுவாக, மூக்குக்குத் தெரியும்படி கெடும். பன்னீர், கற்றாழை ஜெல், லோஷன், கிறீம், முகத்துக்குத் தெளிக்கும் ஸ்பிறே எல்லாம் பெரும்பகுதி தண்ணீர். இவற்றில் கிருமி பெருகும்போது கடைசி வரை ஒன்றும் தெரியாமல் இருக்கலாம். ஒரு கிராமில் இலட்சக்கணக்கான கிருமிகள் இருந்தாலும் நிறமும் மணமும் மாறாமல் இருப்பது சாதாரணம். சர்வதேசத் தர அளவு ஐஎஸ்ஓ 17516, பொதுவான அழகுப்பொருளில் ஒரு கிராமுக்கு 1000 கிருமித் தொகுதிகளுக்கு மேல் இருக்கக்கூடாது என்கிறது. மூன்று வயதுக்குட்பட்ட குழந்தைகளுக்கும், கண்ணைச் சுற்றியும், உதடு போன்ற ஈரச் சவ்விலும் பாவிப்பதற்கு 100 தான் எல்லை. சூடோமோனாஸ், ஸ்ரபிலோகொக்கஸ், ஈ கோலை, கன்டிடா என்ற நான்கு கிருமிகளும் ஒரு கிராமில் அறவே இருக்கக்கூடாது. 1000 எங்கே, இலட்சம் எங்கே. இடையில் உள்ள தூரத்தை எந்த மூக்காலும் அளக்க முடியாது. "மணந்து பார்த்தேன், நல்லாத்தான் இருக்கு" என்பது எண்ணெய்க்குச் சரி, பன்னீருக்குச் சரி அல்ல.

பாதுகாப்புப் பொருள் சேர்த்த லோஷனில் இந்தப் பெருக்கம் தடுக்கப்படும். பாதுகாப்புப் பொருள் என்றாலே நஞ்சு என்ற பேச்சு பரவி, "ஒன்றும் சேர்க்காதது" என்று எழுதிய தண்ணீர்ப் பொருளை விலை கூடக் கொடுத்து வாங்குகிறார்கள். இந்த வெக்கையில் அது பிழையான தெரிவு. ஃபீனொக்ஸி எதனோல் என்ற பாதுகாப்புப் பொருளை 1 சதவீதத்துக்கு மேற்படாமல் சேர்க்கலாம் என்று ஐரோப்பிய விதி அனுமதிக்கிறது. அந்தச் சிறு அளவு தரும் பாதுகாப்பு, அது இல்லாத பன்னீரில் வளரும் சூடோமோனாஸை விட எத்தனையோ மடங்கு நல்லது. சூடோமோனாஸ் கண்ணின் கருவிழியில் புண் வைத்தால் பார்வையே போகலாம். கண்ணுக்குள் வில்லை (கொன்ராக்ற் லென்ஸ்) போடுபவர்களுக்கு இந்த ஆபத்து இன்னும் கூட.

இயற்கைப் பாதுகாப்பு என்று சொல்லி விற்கும் பலவற்றின் வேலை வேறு. விற்றமின் ஈயும் ரோஸ்மேரிச் சாறும் எண்ணெய் சிக்கு அடிப்பதை, அதாவது காறிப்போவதை, தாமதப்படுத்தும். கிருமியைக் கொல்லா. கிறேப்புரூட் விதைச் சாறு கிருமியைக் கொன்றதாகக் காட்டிய ஆய்வுகளை மீண்டும் சோதித்தபோது, சந்தையில் இருந்த பல போத்தல்களில் கலந்திருந்த செயற்கைக் கிருமிநாசினியே அந்த வேலையைச் செய்தது என்று தெரிந்தது. விற்றமின் ஈ பற்றி இன்னும் ஒன்று சொல்ல வேண்டும். பாமசியில் வாங்கும் குளிகையைக் குத்தி எண்ணெயில் கலப்பது வழக்கமாகிவிட்டது. அந்தக் குளிகைகளில் பெரும்பாலும் இருப்பது டொகோபெரில் அசற்றேற்று என்ற வடிவம். ஒட்சிசனைப் பிடிக்க வேண்டிய முனை அதில் அடைபட்டிருக்கும். உடம்புக்குள் போனால் அது விடுபடும், போத்தலுக்குள் விடுபடாது. எண்ணெயைக் காக்க வேண்டுமானால் சுயாதீன டொகோபெரோல் என்று எழுதியதை வாங்கி, 100 மில்லிலீற்றர் எண்ணெய்க்கு 0.2 கிராம் அளவு, எண்ணெய் புதிதாக இருக்கும்போதே சேர்க்க வேண்டும். ஏற்கெனவே சிக்கு அடித்ததை அது மீட்காது.

கற்றாழை வன்னி வளவுகளில் தாராளமாக நிற்பதால் அதைக் கொஞ்சம் விரிவாகப் பார்க்கலாம். மடலை அடியோடு வெட்டியதும் மஞ்சள் நிறப் பால் வடியும். அதில் உள்ள அலோயின் தோலை எரிக்கும், சிலருக்குச் சொறியும் வரும். வெட்டிய மடலை வெட்டுவாய் கீழாக வரும்படி 15 நிமிடம் சாய்த்து வைத்து, பிறகு கழுவி, இரண்டு பக்க முள்ளையும் சீவி, தோலுக்கு ஒட்டியிருக்கும் மஞ்சள் வரி தெரியாதபடி உள்ளே இருக்கும் சோற்றை (ஜெல்லை) எடுக்க வேண்டும். அந்தச் சோறு 98, 99 சதவீதம் தண்ணீர். வெளியே வைத்தால் அன்றே பாவித்து முடிக்க வேண்டும். குளிர்சாதனப் பெட்டியில் மூடிய கண்ணாடிச் சாடிக்குள் மூன்று, நான்கு நாள். பெட்டிக்குள் வைத்த சாடியை அடிக்கடி வெளியே எடுத்தால் மூடியின் உட்பக்கத்தில் வியர்வை மாதிரி நீர்த்துளி கட்டும். முதல் பூஞ்சணம் அந்தத் துளி விழும் இடத்தில்தான் பிடிக்கும், நடுவில் அல்ல. ஆகவே மூடியைக் கழற்றியதும் சோற்றைப் பார்ப்பதற்கு முன் மூடியின் உள்விளிம்பைப் பாருங்கள். சிறு சாம்பல் புள்ளி இருந்தால், அதை வழித்துவிட்டு மிச்சத்தைப் பூசலாம் என்று நினைக்க வேண்டாம். கண்ணுக்குத் தெரியாத இழைகள் உள்ளே போயிருக்கும்.

இதற்கு நல்ல வழி, சோற்றை அடித்து, ஐஸ் கட்டித் தட்டில் ஊற்றி உறைய வைத்து, ஒரு நேரத்துக்கு ஒரு கட்டி எடுப்பது. ஒரு மாதத்துக்குள் முடித்துவிடுங்கள். மின்சாரம் போய் உருகி மறுபடியும் உறைந்தது என்றால் அந்தத் தட்டை முழுதாகக் கொட்டிவிடுங்கள். உறைதல் கிருமியைப் பெரும்பாலும் கொல்லாது, தூங்க வைக்கும், அவ்வளவுதான். தேசிக்காய்ப் புளி பிழிந்தால் பழுதாகாது என்று கலப்பவர்கள் உண்டு. ஜெல் ஓரளவு புளிப்பாகும், ஆனால் பூஞ்சணத்துக்குப் புளிப்பு பிடிக்கும். அதோடு தேசிக்காயில் உள்ள ஃபியூரோகுமரின் என்ற பொருள் தோலில் பட்டு அதன் மேல் வெயில் பட்டால் கொப்புளமும், மாதக்கணக்கில் மாறாத கரும்படையும் வரும். வயலுக்கும் தோட்டத்துக்கும் போகிறவர்கள் முகத்தில் தேசிக்காய் கலந்த எதையும் பூசாமல் இருப்பதே நல்லது.

எண்ணெய்களுக்கு வருவோம். எண்ணெய் கெடுவது ஒட்சியேற்றத்தால், அதாவது காற்றிலுள்ள ஒட்சிசன் அதோடு சேர்வதால். காற்று, வெளிச்சம், வெப்பம், உலோகம் நான்கும் அதை விரைவாக்கும். செம்பும் இரும்பும் மிகச் சிறிய அளவிலேயே இதைத் தூண்டிவிடும். பித்தளைச் செம்பிலும் துருப்பிடித்த பேணியிலும் எண்ணெய் வைக்கக்கூடாது என்பது அதனால்தான். இரும்புத் தாச்சியில் காய்ச்சினாலும் ஆறியதும் கண்ணாடிப் போத்தலுக்கு மாற்றிவிட வேண்டும். தேங்காய் எண்ணெயில் ஏறத்தாழ 90 சதவீதம் நிரம்பிய (saturated) கொழுப்பு. ஒட்சிசன் பிடிக்கும் இடம் அதில் குறைவு. அதனால் நல்லதாக ஆட்டி, ஈரமில்லாமல் வைத்தால் ஒரு வருடத்துக்குக் குறையாமல் இருக்கும். மார்கழி, தை விடியலில் அது உறைந்து வெண்மையாவது கேடு அல்ல. 24 பாகையளவில் அதன் உருகுநிலை, அவ்வளவுதான். ஆனால் கொப்பறை சரியாகக் காயாமல் ஆட்டிய எண்ணெயில் ஈரம் நின்று, கொழுப்பு அமிலம் பிரிந்து, சவர்க்கார மணம் போல ஒன்று வரும். நல்லெண்ணெயில் சீசமோல் போன்ற இயற்கைத் தடுப்பான்கள் இருப்பதால் அதுவும் நன்றாகத் தாங்கும். இலுப்பை எண்ணெய் தடிப்பானது, நிழலில் வைத்தால் பல மாதம் நிற்கும். சூரியகாந்தி, திராட்சை விதை, ரோஸ்ஹிப் எண்ணெய்களை அப்படி நம்பாதீர்கள். திறந்து ஆறு மாதத்துக்குள், இங்கே அதற்கும் முந்தி, முடிக்க வேண்டியவை அவை.

வேப்பெண்ணெய்தான் சோதிக்கக் கடினம். புதிதாக இருக்கும்போதே அதன் மணம் எல்லாவற்றையும் மூடிவிடும். மூக்கை நம்பாமல் விரலை நம்புங்கள். இரண்டு துளியை உள்ளங்கையில் விட்டு மறு கையால் அரை நிமிடம் தேயுங்கள். நல்ல எண்ணெய் வழுக்கிக்கொண்டு பரவும். பழசானது பசை போல இழுக்கும், போத்தலின் கழுத்தில் மஞ்சள் பிசினாகக் காய்ந்திருக்கும். மற்ற எண்ணெய்க்கும் இதே சோதனை உதவும், ஏனென்றால் சூடேறிய உள்ளங்கையில் காறல் மணம் தெளிவாக எழும். சிக்கு அடித்த எண்ணெய் கிருமி நோய் தராது. ஆனால் ஒட்சியேற்றத்தால் அதில் உண்டாகும் பெரொட்சைட்டுகளும் அல்டிகைட்டுகளும் தோலை எரிச்சலாக்கும், பருவைக் கிளப்பும், ஏற்கெனவே கரப்பன் உள்ளவருக்கு அதைப் பெருக்கும். வேப்பெண்ணெய் எப்போதும் பூச மட்டுந்தான். சிறு பிள்ளைகளுக்குப் பருக்கியதால் வலிப்பும் மயக்கமும் வந்தவை மருத்துவ இதழ்களில் பதிவாகியிருக்கின்றன. பிள்ளைகளின் கைக்கு எட்டாத இடத்தில் வையுங்கள்.

மூலிகை போட்டுக் காய்ச்சிய எண்ணெய் பழுதாவதற்குப் பெரும்பாலும் ஒரே காரணம், உள்ளே நின்றுபோன ஈரம். செவ்வரத்தம்பூ, கறிவேப்பிலை, கையாந்தகரை, சின்ன வெங்காயம் எல்லாம் தண்ணீர் நிறைந்தவை. பச்சையாகவே அரைத்துப் போடுவதென்றால், மெல்லிய நெருப்பில், சடசடப்பு முற்றாக அடங்கும் வரை காய்ச்ச வேண்டும். நுரை தணிந்து, அடியில் இருக்கும் வண்டல் முதலில் சேறாக, பிறகு மெழுகாக, பிறகு மணலாக மாறும். பூசும் எண்ணெய்க்கு மெழுகுப் பதத்துக்கும் மணல் பதத்துக்கும் இடையில் இறக்கினால் சரி. சந்தேகம் இருந்தால் பருத்தித் திரியில் அந்த வண்டலைக் கொஞ்சம் தடவி, அடுப்பிலிருந்து எட்டி நின்று கொளுத்திப் பாருங்கள். சடசட என்று வெடித்தால் தண்ணீர் இன்னும் இருக்கிறது. அமைதியாக எரிந்தால் இறக்கலாம். மணல் பதத்தையும் தாண்டிக் கருகினால் எண்ணெய் அப்போதே ஒட்சியேறத் தொடங்கிவிடும், அதைப் போத்தலில் அடைத்துப் பயனில்லை.

இதைவிட இலகுவான முறை ஒன்று உண்டு. பூவையும் இலையையும் நிழலில், கையால் நசித்தால் பொடியாகும் வரை உலர்த்துங்கள். 250 மில்லிலீற்றர் தேங்காய் எண்ணெய்க்கு 20 கிராம் உலர்ந்த இலை போதும். எண்ணெய்ப் பாத்திரத்தைக் கொதிநீர்ச் சட்டிக்குள் இறக்கி ஒரு மணித்தியாலம் சூடாக்குங்கள். நீராவி எண்ணெய்க்குள் சொட்டாதபடி பார்த்துக்கொள்ளுங்கள். ஆறியதும் காய்ந்த பருத்தித் துணியில் வடித்து, ஓர் இரவு அசையாமல் வைத்து, மேலே தெளிந்ததை மட்டும் ஊற்றி எடுங்கள். அடியில் ஒரு சென்ரிமீற்றர் அளவை விட்டுவிட வேண்டும். நீர்த்துளி இருந்தால் அங்கேதான் கிடக்கும். போத்தலைப் பத்து நிமிடம் கொதிக்க வைத்துக் கவிழ்த்து வைப்பதோடு நிறுத்தாமல், வெயிலில் வாய் மேலாக முழுவதும் காய வையுங்கள். கவிழ்த்த போத்தலின் தோளில் ஈரம் தங்கும். மூன்று மாதத்துக்கு வேண்டியதை மட்டும் செய்யுங்கள். அரச சித்த வைத்தியசாலைக்கு வீட்டிலிருந்து போத்தல் கொண்டுபோய் எண்ணெய் வாங்குபவர்களுக்கும் இதுவே பொருந்தும். சோடாப் போத்தலைக் கழுவி ஈரத்தோடு கொண்டுபோனால் நல்ல மருந்தையும் கெடுத்துவிடும்.

வாசனை எண்ணெய்கள் சிறு போத்தலில் வருவதால் கெடாது என்ற எண்ணம் உண்டு. எலுமிச்சை வகை, லவெண்டர், ரீ-றீ (tea tree) எண்ணெய் இவற்றில் உள்ள லிமோனீன், லினலூல் போன்றவை காற்றுப் பட்டு ஐதரோபெரொட்சைட்டுகளாக மாறும். அவை தோல் ஒவ்வாமையைத் தூண்டுவதில் பெயர் பெற்றவை. ஒருமுறை ஒவ்வாமை பிடித்தால் அது வாழ்நாள் முழுதும் தொடரும், வேறு சவர்க்காரமும் சென்ற்றும் கூடப் பிறகு ஒத்துக்கொள்ளாமல் போகலாம். பாதிக்கு மேல் குறைந்து, ஒரு வருடத்தைத் தாண்டிய போத்தலைத் தோலில் பூசாதீர்கள்.

மாவும் பொடியும் மாரியில்தான் மாட்டும். பயற்றம்மா, கடலைமா, கஸ்தூரி மஞ்சள், சந்தனப் பொடி எல்லாம் உலர்ந்திருக்கும் வரை நிற்கும். சாமத்திய வீட்டுக்கு வாங்கிய பொடியின் மிச்சம் பிளாஸ்ரிக் பையில் அலுமாரி மூலையில் இருந்து, ஐப்பசி, கார்த்திகை மழையில் ஈரம் இழுத்து, கட்டி பிடித்துப்போகும். கட்டி என்றால் ஈரம் பட்டிருக்கிறது என்று எடுங்கள். அரித்துவிட்டுப் பாவிக்காதீர்கள், வெயிலில் காயப்போட்டாலும் பூஞ்சணத்தின் நச்சு போகாது. வண்டு விழுந்த மாவும் வேண்டாம். குழைத்த மா தண்ணீர்ப் பொருளாகிவிடும் என்பதையும் மறக்க வேண்டாம். எருமைத் தயிரிலோ பன்னீரிலோ குழைத்தது அந்த நேரத்துக்கு மட்டும். வன்னித் தேன் தனியாக இருந்தால் ஆண்டுக்கணக்கில் கெடாது, அதில் கிருமிக்குக் கிடைக்கும் ஈரம் அவ்வளவு குறைவு. தண்ணீர் கலந்த கணத்திலிருந்து புளிக்கத் தொடங்கும். ஒரு வயதுக்குட்பட்ட பிள்ளையின் உதட்டில் தேன் தடவாதீர்கள், விழுங்கினால் பொட்டுலிசம் என்ற நஞ்சூட்டு நோய் வரலாம்.

சவர்க்காரம் பற்றிக் கவலை குறைவு. செம்மஞ்சள் புள்ளி விழுந்து காறல் மணம் வந்தால் உடுப்புத் தோய்க்க வையுங்கள். சன்ஸ்கிறீன் மட்டும் திகதி கடந்தால் மறுபேச்சில்லாமல் எறிய வேண்டியது. பிரிந்துபோன கிறீமில் பாதுகாப்பு ஒரு இடத்தில் இருக்கும், மறு இடத்தில் இராது.

இப்போது உடம்பு. திகதி கடந்து சில வாரம் ஆன, பாதுகாப்புப் பொருள் சேர்த்த, திறக்காமல் குளிர்ச்சியாக இருந்த ஒரு லோஷனை நல்ல தோலுள்ள பெரியவர் ஒருவர் கையிலும் காலிலும் பூசினால் பெரிதாக ஒன்றும் வராது. அதே லோஷனைப் பச்சைக் குழந்தைக்கும், கண்ணைச் சுற்றியும், உதட்டிலும், சவரம் செய்த முகத்திலும், தீக்காயத்திலும் பூசக்கூடாது. இரணைமடு, முத்தையன்கட்டு வாய்க்கால்களின் கீழ் சேற்றில் நிற்பவர்களுக்குப் பித்தவெடிப்பும் சேற்றுப்புண்ணும் வருவது வழமை. வெடிப்பு என்றால் தோல் திறந்திருக்கிறது. அதற்குள் பழைய கற்றாழை கிறீம் பூசுவது கிருமியை உள்ளே தள்ளுவதற்குச் சமம். நீரிழிவு உள்ளவருக்கு அது காலையே பறிக்கும் புண்ணாகலாம். 20 கிராம் தேன்மெழுகை 80 மில்லிலீற்றர் தேங்காய் எண்ணெயில் உருக்கி வைத்த களிம்பில் தண்ணீர் இல்லை, வெடிப்புக்கு அது போதும். இரவில் கால் கழுவி, விரல் இடுக்கு வரை துடைத்துக் காயவைத்த பிறகு குதிக்காலில் மட்டும் பூசுங்கள். திறந்த கண்மையை மூன்று மாதத்துக்கு மேல் வைக்க வேண்டாம், ஒருவர் மையை இன்னொருவர் தீட்டவும் வேண்டாம். குழந்தையின் கண்ணுக்குள் எந்த மையும் தேவையில்லை.

வெளிநாட்டுப் பார்சலில் வரும் பாதி பாவித்த கிறீம்களை எறிய யாருக்கும் மனம் வருவதில்லை, அன்போடு அனுப்பியவை அல்லவா. ஆனால் திறந்த நாள் தெரியாத, விரல் விட்டு எடுத்த சாடி என்றால் முகத்துக்குப் பாவிக்காதீர்கள். ரியூப்பிலும் பம்ப் போத்தலிலும் வந்தவை ஓரளவு நம்பலாம். அனுப்புகிறவர்களிடம் ஒன்று சொல்லிவையுங்கள்: திறக்காததை, திகதி ஒரு வருடமாவது இருப்பதை அனுப்பச் சொல்லுங்கள். கடையில் பழைய திகதியின் மேல் புது ஸ்ரிக்கர் ஒட்டியிருந்தால் வாங்காமல், நுகர்வோர் அலுவல்கள் அதிகார சபையின் 1977 இலக்கத்துக்கு முறையிடலாம். திகதியே இல்லாத, உள்ளடக்கம் எழுதாத, ஒரு கிழமையில் வெள்ளையாக்கும் "மூலிகை" கிறீம்களில் பாதரசமோ ஸ்ரெரொயிட்டோ கலந்திருக்கலாம். அவற்றைப் புதிதாகவும் பூச வேண்டாம்.

முழங்கையின் உட்புறத்தில் ஒரு நாணயம் அளவு இடத்தில், நாளுக்கு இரண்டு தடவை, ஏழு நாள் பூசிப் பார்ப்பது நல்ல சோதனை. ஆனால் அது ஒவ்வாமையையும் எரிச்சலையும் மட்டுமே காட்டும். கிருமி இருக்கிறதா என்று காட்டாது. காலாவதியான பன்னீரைக் கையில் பூசி ஒன்றும் வரவில்லை என்பதற்காகக் கண்ணுக்குக் கொண்டுபோகாதீர்கள்.

பூசிய இடம் சிவந்து கடித்தால் உடனே நிறுத்தி, மெல்லிய சவர்க்காரமும் நிறையத் தண்ணீரும் விட்டுக் கழுவுங்கள். அதன் மேல் மஞ்சள், வேறு கிறீம், பற்பசை என்று எதையும் அடுக்க வேண்டாம், பிறகு எது செய்தது என்று வைத்தியராலும் பிரிக்க முடியாது. கண்ணில் பட்டால் 15 நிமிடம் ஓடும் சுத்தமான தண்ணீரில் கழுவுங்கள். சிவப்பு பரவினால், சூடாக வீங்கினால், சீழ் வைத்தால், காய்ச்சல் வந்தால், கண் நொந்து வெளிச்சம் பார்க்க முடியாமல் இருந்தால் அன்றே வைத்தியசாலைக்குப் போங்கள், போத்தலையும் கையோடு கொண்டுபோங்கள். உதடு, நாக்கு வீங்கி மூச்சுத் திணறினால் 1990 அம்புலன்ஸ் சேவையை அழையுங்கள்.

மாதர் கிராம அபிவிருத்திச் சங்கங்களில் எண்ணெயும் சவர்க்காரமும் செய்து விற்பவர்களுக்கு: தண்ணீரில்லாப் பொருளோடு நின்றால் உங்கள் பெயர் காப்பாற்றப்படும். கற்றாழை ஜெல்லும் கிறீமும் செய்வதென்றால் கிணற்றுத் தண்ணீரை வைத்துச் செய்ய வேண்டாம். எங்கள் கிணறுகளின் கடினநீரில் உள்ள உப்புகள் கிறீமைப் பிரிக்கும், கிருமியும் கூடவே வரும். காய்ச்சி வடித்த நீர் எடுங்கள். சோடியம் பென்சொவேற்று என்ற பாதுகாப்புப் பொருள் போடுவதென்றால் பீஎச் (புளிப்பின் அளவு) 5 க்குக் கீழே இருந்தால்தான் அது வேலை செய்யும், பீஎச் தாள் இல்லாமல் அதைத் தொடாதீர்கள். செய்த திகதி, முடிவுத் திகதி, தண்ணீர் உண்டா இல்லையா, மூன்றையும் சீட்டில் எழுதுங்கள். ஒவ்வொரு தொகுதியிலும் ஒரு போத்தலை விற்காமல் உங்கள் தகரக் கூரையின் கீழேயே வைத்திருங்கள். விற்றதற்கு முன் அது கெட்டால் சந்தையிலிருந்து திருப்பி எடுக்க உங்களுக்கு நேரம் இருக்கும்.

எறிவதற்கும் முறை உண்டு. சிக்கு அடித்த தேங்காய் எண்ணெயும் நல்லெண்ணெயும் விளக்குக்கு ஆகும், கதவுப் பிணைச்சலுக்கும் ஆகும். வாசனை எண்ணெயை விளக்கில் ஊற்றாதீர்கள், பற்றிக்கொள்ளும். கிறீமையும் ஜெல்லையும் கடதாசியில் வழித்துச் சுற்றிக் குப்பையில் போடுங்கள், வாய்க்காலிலும் குளத்திலும் கிணற்றடியிலும் கழுவி விடாதீர்கள். வெற்றுச் சாடி கண்ணாடியானால் கொதிக்க வைத்து மறுபடி எடுக்கலாம். பிளாஸ்ரிக் என்றால், குறிப்பாக உள்ளே கீறல் விழுந்தது என்றால், புதுப் பொருளை அதில் நிரப்ப வேண்டாம். மூடியின் உள்ளே இருக்கும் கடதாசி வட்டத்தையும் கழற்றி எறிந்துவிடுங்கள்.